கன் கேமில் ஓடுவதா, ஒளிவதா, ஓரமாகச் சுற்றுவதா?

கன் கேம் என்ற கம்ப்யூட்டர் துப்பாக்கிச் சண்டை ஆட்டம் தொடங்கிய முதல் பத்து நொடிக்குள் எல்லோரும் ஒரு முடிவை எடுத்துவிடுகிறோம். பெரும்பாலும் யோசித்து எடுப்பதில்லை, கை பழகின பக்கம் போகிறது. ஒருவர் மேப்பின் (ஆட்டக் களத்தின்) நடுவே பாய்கிறார். ஒருவர் படிக்கட்டுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொள்கிறார். இன்னொருவர் கத்தியை எடுத்துக்கொண்டு யார் முதுகாவது தெரிகிறதா என்று தேடுகிறார். நாலாவதாக ஒரு ஆள் உண்டு. சண்டை நடக்கும் இடத்தைச் சுற்றிச் சுற்றி வருவார், நடுவே நுழையமாட்டார், ஆனால் ஸ்கோர்போர்டில் மெல்ல ஏறிக்கொண்டே இருப்பார். இந்த நாலு வழியில் எதைப் பிடித்தால் ஜெயிக்கலாம் என்று கேட்டால், நாலாவது என்பேன். ஆனால் அது எல்லா ஆட்டத்துக்கும், எல்லாத் துப்பாக்கிக்கும் பொருந்தாது. எங்கே பொருந்தும், எங்கே மாற வேண்டும் என்பதைத்தான் விரிவாகச் சொல்ல வேண்டும்.

விளையாடாதவர்களுக்கு ஒரு வரி: எல்லோரும் ஒரே துப்பாக்கியோடு தொடங்குவார்கள். ஒரு கில் எடுத்தால், அதாவது ஒருவரைக் கொன்றால் (சில இடங்களில் இரண்டு), அடுத்த துப்பாக்கி கைக்கு வரும், அதுதான் ஒரு படி ஏறுவது. வரிசையின் கடைசி ஆயுதத்தால் முதலில் கில் எடுப்பவர் ஜெயித்தார். கவுண்டர் ஸ்டிரைக் என்ற துப்பாக்கி ஆட்டத்துக்கு ரசிகர்கள் செய்த மாற்று வடிவமாக (மாட்) பரவிய இந்த ஆட்டத்தை, 2010-இல் கால் ஆஃப் டியூட்டி பிளாக் ஆப்ஸ் தன் பந்தய ஆட்டங்களில் (ஆட்டத்துக்குள் கிடைக்கும் காசைப் பந்தயம் கட்டி ஆடுபவை) ஒன்றாகச் சேர்த்தது. 2012-இல் வெளிவந்த சிஎஸ்கோவில் (கவுண்டர் ஸ்டிரைக்: குளோபல் அஃபென்சிவ்) அது ஆர்ம்ஸ் ரேஸ் என்ற பெயரில் வந்தது. கவுண்டர் ஸ்டிரைக் 2 வெளியானபோது அது இல்லை, 2024 பிப்ரவரியில்தான் திரும்ப வந்தது. வேலரன்டில் 2021 முதல் எஸ்கலேஷன் என்று ஒன்று இருக்கிறது, ஆனால் அதில் குழு மொத்தமாக 12 படி ஏற வேண்டும். அது வேறு மாதிரி. கடைசியில் அதற்கு வருகிறேன்.

எந்த வழி என்று முடிவு செய்வதற்கு முன் மூன்று விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும். செத்தால் என்ன நஷ்டம்? கத்தியால் குத்தினால் யாருக்கு என்ன ஆகும்? அடிபட்ட உயிர் தானாக ஏறுமா?

செத்தால் பெரும்பாலும் சில நொடிகள்தான் போகும். படி இறங்காது. சாதாரண டெத்மேட்சில் (அதிகம் கில் எடுத்தவர் ஜெயிக்கும் ஆட்டம்) பழகியவர்கள் இதை மறந்துவிட்டு உயிரைப் பொத்திப் பொத்தி ஆடுவார்கள். இந்த ஆட்டத்தில் யாரும் சாவை எண்ணுவதில்லை. கத்திதான் விலை உயர்ந்தது. பிளாக் ஆப்ஸில் கத்திக் குத்து வாங்கினால் ஒரு படி இறங்குவீர்கள், ஆனால் குத்தியவர் ஏறமாட்டார். ஆர்ம்ஸ் ரேஸில் குத்தியவர் ஒரு படி ஏறுவார், குத்து வாங்கியவர் ஒரு படி இறங்குவார். இருவருக்கும் நடுவே ஒரே நொடியில் இரண்டு படி வித்தியாசம். இந்த ஒரே விதி கத்திக்காரரை ஓர் ஆட்டத்தில் வெறும் தொல்லையாகவும் இன்னோர் ஆட்டத்தில் நிஜமான போட்டியாளராகவும் ஆக்கிவிடுகிறது. மூன்றாவது கேள்வி பலர் கவனிக்காதது. கால் ஆஃப் டியூட்டியில் சில நொடி ஒதுங்கி நின்றால் உயிர் தானாக நிரம்பும். கவுண்டர் ஸ்டிரைக்கில் அப்படி ஏறாது. முழு உயிரான 100-இல் 20 மிச்சமிருந்தால், ஒதுங்கி நின்றாலும் அந்த ஆள் 20 உயிரோடுதான் நடமாடுவார்.

சரி, ஒளிந்து நிற்பதை முதலில் பார்த்துவிடலாம், ஏனென்றால் அதை நான் கிட்டத்தட்ட முழுசாகவே ஒதுக்குகிறேன். ஒரு மூலையைப் பிடித்து நிற்பவர் ஒவ்வொரு மோதலிலும் ஜெயிக்க வாய்ப்பு அதிகம், உண்மைதான். ஆனால் மோதல் அவரைத் தேடி வர வேண்டும். ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். எண்கள் என் ஊகம்தான், உங்கள் ஆட்டத்துக்கேற்ப மாற்றிக்கொள்ளுங்கள். நடுவே பாய்பவருக்குப் பத்து நொடிக்கு ஒரு மோதல் என்று வைத்துக்கொள்வோம், பாதியில் ஜெயிக்கிறார். ஒவ்வொரு சாவுக்கும் ஐந்து நொடி வீண். இரண்டு மோதலுக்கு 20 நொடி, ஒரு சாவுக்கு 5, ஆக ஒரு கில்லுக்கு 25 நொடி. ஒளிந்திருப்பவருக்கு 25 நொடிக்கு ஒரு மோதல், நாலில் மூன்றில் ஜெயிக்கிறார். நாலு மோதலுக்கு 100 நொடி, ஒரு சாவுக்கு 5. மூன்று கில்லுக்கு 105 நொடி, ஒரு கில்லுக்கு 35. ஓரமாகச் சுற்றுபவருக்கு 13 நொடிக்கு ஒரு மோதல், மூன்றில் இரண்டில் ஜெயிக்கிறார். 39-உடன் 5-ஐச் சேர்த்து இரண்டால் வகுத்தால் 22 நொடி. பிளாக் ஆப்ஸ் கன் கேமில் 20 ஆயுதம். அப்படியானால் சுற்றுபவர் 7 நிமிடம் 20 நொடியில் முடிக்கிறார், பாய்பவர் 8 நிமிடம் 20 நொடியில். ஒளிந்திருப்பவருக்கு 11 நிமிடம் 40 நொடி ஆகும், அதற்குள் ஆட்டமே முடிந்திருக்கும்.

இதில் கத்தியைச் சேர்த்தால் ஒளிந்திருப்பவரின் கணக்கு இன்னும் மோசமாகும். ஒரே இடத்தில் இருப்பவரைத்தான் கத்திக்காரர் தேடுகிறார். நீங்கள் கொன்ற ஆளுக்கு நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்று தெரியும். அவர் சுற்றி வந்து முதுகில் குத்தினால் 35 நொடி உழைப்பு போய்விட்டது. ரெஸ்பான் இடங்களும் (செத்தவர் மறுபடி எழும் இடங்கள்) பெரும்பாலும் எதிரி இருக்கும் பக்கத்தைத் தவிர்த்துத்தான் அமையும். அதனால் நீங்கள் பிடித்து நிற்கும் மூலைக்கு ஆள் வரத்து நேரம் ஆக ஆகக் குறையும்.

பிளாக் ஆப்ஸில் ஒளிவதற்கு ஒரே ஒரு இடத்தில் நியாயம் இருக்கிறது. அதன் பந்தய ஆட்டத்தில் ஆறு பேரில் முதல் மூன்று இடத்துக்குப் பணம் கிடைக்கும். நீங்கள் இரண்டாவது இடத்தில் இருந்து, நாலாவது ஆள் ரொம்பப் பின்னால் இருந்தால், கத்தி வாங்காமல் இருப்பது மட்டும்தான் உங்கள் வேலை. அங்கே சுவரில் முதுகை ஒட்டி நிற்பதில் தப்பே இல்லை.

பாய்வதை அப்படி ஒதுக்க முடியாது. ஆட்டத்தின் தொடக்கத்தில் நானும் பாய்கிறேன். எல்லோர் கையிலும் ஒரே ஆயுதம், யாருக்கும் இழக்கப் படி இல்லை, முதல் படியில் இருப்பவரைக் குத்துவதில் யாருக்கும் ஆசையும் இல்லை. அப்போது கூட்டத்துக்குள் விழுவதுதான் லாபம். ஆர்ம்ஸ் ரேஸில் எஸ்எம்ஜி வகைகள் (சிறிய தானியங்கித் துப்பாக்கிகள்) கையில் இருக்கும்போது இது இன்னும் சரி. பி90-இல் 50 குண்டு, பைசனில் 64. ஓடிக்கொண்டே சுட்டாலும் கிட்டத்தில் படும். ஏகே-47 வந்துவிட்டால் அந்தப் பழக்கத்தைக் கையோடு விட்டுவிட வேண்டும். ஓடிக்கொண்டு சுட்டால் குண்டு எங்கே போகும் என்று சொல்ல முடியாது. எதிர்ப்பக்க விசையைத் தட்டி நின்று, இரண்டு மூன்று குண்டு விட்டு, மறுபடி நகர வேண்டும். பாய்கிறவர்கள் பெரும்பாலும் இந்த மாற்றத்தில்தான் தேங்குகிறார்கள். எஸ்எம்ஜி படிகளை மடமடவென்று தாண்டிவிட்டு ரைஃபிள் படியில் ஆறு தடவை சாவார்கள்.

இனி ஓரமாகச் சுற்றுவது. இது பயந்து ஒதுங்குவது இல்லை, வேட்டைதான். துப்பாக்கிச் சத்தம் கேட்கும் திசையை நோக்கிப் போக வேண்டும், ஆனால் சண்டை முடிகிற நொடியில் போய்ச் சேர வேண்டும். இரண்டு பேர் மோதினால் ஒருவர் மிஞ்சுவார். அந்த மிஞ்சியவர் மூன்று வகையில் பலவீனமாக இருப்பார். அடிபட்டிருப்பார், செத்தவர் இருந்த திசையையே பார்த்துக்கொண்டிருப்பார், அநேகமாக ரீலோட் செய்துகொண்டிருப்பார். இந்த மூன்றில் எது முக்கியம் என்பது ஆட்டத்தைப் பொறுத்தது. கவுண்டர் ஸ்டிரைக்கில் காயம் ஆறாததால் நீங்கள் சற்றுத் தாமதமாக வந்தாலும் அறுவடை உண்டு. ஐந்து நொடி கழித்து இன்னொரு மூலையில் அதே ஆளைப் பிடித்தாலும் அவர் பாதி உயிரோடுதான் இருப்பார். கால் ஆஃப் டியூட்டியில் அந்த ஐந்து நொடி உங்களுக்குக் கிடைக்காது. அதனால் அங்கே வட்டத்தைச் சுருக்கிக்கொள்ள வேண்டும், சண்டைக்கு ஓர் அறை தள்ளியே இருக்க வேண்டும். ஒரே வழியை இரண்டு ஆட்டத்திலும் ஒரே தூரத்தில் ஆடினால் ஒன்றில் தோற்பீர்கள்.

ரீலோட் பற்றி ஒரு விஷயம், இது எனக்கு மிகவும் முக்கியமாகப் படுகிறது. மற்ற ஆட்டங்களில் ஒரு கில் விழுந்ததும் விரல் தானாக ரீலோட் விசைக்குப் போகும். கன் கேமில் அந்தக் கில்லோடு புதுத் துப்பாக்கி நிறைந்த மேகசினோடு வந்துவிடுகிறது. படிக்கு ஒரு கில் உள்ள ஆட்டத்தில் ரீலோட் என்பது கிட்டத்தட்ட எப்போதும் வீண். ஒருவரை அடித்துவிட்டு அவர் தப்பினால், மேகசினில் பத்து குண்டு இருந்தாலே துரத்துங்கள். ரீலோட் செய்யும் இரண்டு நொடியில் வேறு ஒருவர் அவரை எடுத்துவிடுவார். பழைய மாட் சர்வர்கள் சிலவற்றில் மட்டும் அடுத்த துப்பாக்கி மறுபடி பிறந்த பிறகுதான் கைக்கு வரும். அங்கே கில் எடுத்த பிறகு உயிரோடு இருப்பதில் பெரிய லாபம் இல்லை. கூட்டத்துக்குள் பாய்ந்து சாவதே வேகமான வழி.

கல்லூரி நாட்களில் ஒரு பிரவுசிங் சென்டரில் எட்டு கம்ப்யூட்டரை லானில் இணைத்து கவுண்டர் ஸ்டிரைக் 1.6-இல் கன் கேம் ஆடியிருக்கிறோம். எங்களில் குறி வைப்பதில் யாராலும் தொட முடியாத ஒரு நண்பன் இருந்தான். எல்லோருக்கும் முன்னால் கையெறி குண்டுப் படிக்கு வந்துவிடுவான். கத்திக்கு முந்தைய படி அது. அங்கேயே நின்றுபோவான். அவனுக்குப் பின்னால் வந்தவர்கள் அவனைத் தாண்டி ஜெயித்துவிட்டுப் போவார்கள். அதிர்ஷ்டம் இல்லை என்று அவன் சொல்வான், நாங்களும் நம்பினோம். ரொம்ப நாள் கழித்துத்தான் காரணம் புரிந்தது. அந்தக் குண்டு காலடியிலேயே வெடித்தாலும் நிறைந்த உயிரும் கவசமும் உள்ள ஆளைக் கொல்லாது. நூறுக்குப் பக்கத்தில்தான் அதன் உச்ச சேதம், கவசம் அதில் நல்ல பங்கைத் தின்றுவிடும். எனவே அது காயம்பட்டவர்களுக்கான ஆயுதம். ஏற்கெனவே இரண்டு பேர் சுட்டுக்கொண்டிருக்கும் அறைக்குள் அது விழ வேண்டும். அவன் தனியாக வரும் ஆளைத் தேடித் தேடி எறிந்துகொண்டிருந்தான். குறி பார்ப்பதில் அவனில் பாதி கூட இல்லாத, ஆனால் எப்போதும் சண்டையை ஒட்டியே நடப்பவர்கள் அந்தப் படியை ஒன்றிரண்டு எறிதலில் தாண்டினார்கள். ஓரமாகச் சுற்றும் வழியை நான் நம்பத் தொடங்கியது அங்கேதான். சில சர்வர்களில் அந்தப் படியில் குண்டோடு ஒரு கிளாக் கைத்துப்பாக்கியும் கொடுப்பார்கள். கொடுத்தால் முதலில் அந்தத் துப்பாக்கியால் நாலு தட்டு தட்டிவிட்டு அப்புறம் குண்டை எறியுங்கள்.

மற்ற படிகளில் வழியை எப்படி மாற்றுவது?

ஷாட்கன் வந்தால் ஓரத்தை விட்டு உள்ளே போங்கள். கதவு, படி, குறுகிய வழி. ஆர்ம்ஸ் ரேஸின் பேக்கேஜ் மேப்பில் பெட்டிகளுக்கும் கன்வேயர் பெல்ட்டுகளுக்கும் நடுவே ஷாட்கனுக்கு ஏற்ற இடங்கள் நிறைய. மூங்கில் கட்டடங்களும் மேல்கீழ் தளங்களும் உள்ள ஷூட்ஸ் மேப்பில் கீழ்த்தளத்தைப் பிடியுங்கள்.

ஸ்னைப்பர் படிதான் பலர் நேரத்தை விழுங்குகிறது. ஏடபிள்யூபி உடம்பில் ஒரு குண்டில் கொல்லும், காலில் பட்டால் கொல்லாது. அதைத் தூக்கிக்கொண்டு ஓடினால் ஆட்டத்தின் அளவில் வேகம் 200, கத்தியோடு ஓடுபவருக்கு 250. கவுண்டர் ஸ்டிரைக் 2-இல் மேகசினுக்கு 5 குண்டுதான். இந்தப் படியில் மட்டும் கொஞ்ச நேரம் நிற்கலாம். ஆனால் நீண்ட வழியின் நடுவில் நிற்காமல் அதன் ஓரத்தில் நின்று, ஒரு குண்டு சுட்டதும் இடம் மாறுங்கள், பட்டாலும் படாவிட்டாலும். எஸ்எஸ்ஜி 08 வேறு கதை. அதன் வேகம் 230, தலையில் பட்டால் ஒரே குண்டு, உடம்பில் பட்டால் சாகமாட்டார்கள். ஆனால் நம் வழியில் நடப்பவருக்கு எதிரில் வருபவர் பெரும்பாலும் காயம்பட்டவர்தான், அவருக்கு உடம்பில் ஒன்று போதும். நெகெவ் இயந்திரத் துப்பாக்கி கையில் இருந்தால் 150 வேகத்தில் நகர்வீர்கள், குண்டும் 150. அங்கே சுற்றுவதெல்லாம் நடக்காது. சண்டை வரும் வழியைப் பார்த்து நின்று, விடாமல் அழுத்துங்கள். ஆர்ம்ஸ் ரேஸில் எங்காவது ஒளிய வேண்டும் என்றால் இந்த ஒரே படியில்தான்.

பிளாக் ஆப்ஸின் பின்பகுதி தனி உலகம். மலைப் பாம்பு பெயர் கொண்ட பைத்தான் ரிவால்வரில் தொடங்கும் வரிசை, ராக்கெட் வகைகளைக் கடந்து, வெடிக்கும் அம்பு கொண்ட குறுக்கு வில்லுக்கும் கடைசியாக பாலிஸ்டிக் கத்திக்கும் வருகிறது. லாஞ்சர்களை ஆளைப் பார்த்துச் சுடாமல் தரையையும் சுவரையும் பார்த்துச் சுடுங்கள். குறுக்கு வில்லின் அம்பு குத்திய பிறகு சற்றுத் தாமதித்துத்தான் வெடிக்கும். அந்தத் தாமதத்தில் எதிரி உங்களைக் கொல்லலாம், கவலைப்படாதீர்கள், செத்தால் படி இறங்காதே. பாலிஸ்டிக் கத்தியால் நெருங்கிக் குத்தவும் முடியும், விசையழுத்தி அதன் அலகை எய்யவும் முடியும். அங்கே கடைசிக் கில்லுக்கு முதுகு தேவையில்லை, நெருங்கினால் போதும். அதனால் கடைசிப் படியில் பாய்வது நியாயமான வழி.

ஆர்ம்ஸ் ரேஸின் தங்கக் கத்தி அப்படி இல்லை. முன்னாலிருந்து ஒரே குத்தில் நிறைந்த உயிர் போகாது. முதுகில் வலது கிளிக் குத்து ஒன்று போதும். நீங்கள் கடைசிப் படிக்கு வந்தது எல்லோருக்கும் தெரிந்துவிடும், எல்லோரும் பின்னால் பார்த்துக்கொண்டு நடப்பார்கள். இங்கே பலர் செய்யும் தவறு நேராக ஓடுவது. என் வழி இதுதான்: முதலில் கனமான ஆயுதம் வைத்திருப்பவரைத் தேர்ந்தெடுங்கள். நெகெவோ ஏடபிள்யூபியோ வைத்திருப்பவர் உங்களைவிட மெதுவானவர், திரும்பி ஓட முடியாது. ஷாட்கன்காரரை விட்டுவிடுங்கள். சண்டைக்குப் பக்கத்தில் ஷிஃப்ட் அழுத்தி நடந்து வாருங்கள், ஓட்டச் சத்தம் கேட்டால் வேலை கெட்டது. ஒருவர் வேறொருவரைச் சுடத் தொடங்கிய நொடியில் ஓடுங்கள், அவர் சத்தத்தில் உங்கள் சத்தம் மறைந்துவிடும். ஆர்ம்ஸ் ரேஸ் இரண்டு அணியாக ஆடுவது, ஆனால் ஜெயிப்பது ஒரே ஆள். அதனால் உங்கள் அணிக்காரர் நடத்தும் சண்டைகள்தான் உங்களுக்கு நல்ல மறைவு.

அப்படியானால் முதலிலிருந்தே கத்தியோடு திரிந்தால் என்ன? ஆர்ம்ஸ் ரேஸில் இது ஆசையூட்டும் வழி. ஒவ்வொரு குத்தும் உங்களை ஏற்றி அடுத்தவரை இறக்குகிறது. ஆனால் நாள் முழுதும் கத்தியோடு ஓடுபவர் துப்பாக்கி வைத்திருப்பவரிடம் பெரும்பாலான மோதல்களைத் தோற்பார், மேலே போட்ட கணக்கில் அவர் பாய்பவரைவிடப் பின்தங்குவார். கத்தியை நான் இரண்டு நேரத்தில் மட்டும் எடுக்கிறேன். பிடிக்காத ஆயுதப் படியில் மாட்டிக்கொண்டு, ஒரு முதுகு தானாகக் கண்ணில் பட்டால் ஒன்று. முன்னணியில் இருப்பவர் எனக்கு இரண்டு மூன்று படி மேலே போய்விட்டால் இன்னொன்று. அப்போது அவரைச் சுடுவதில் பயனில்லை, செத்து அதே படியில் எழுந்து வருவார். குத்தினால்தான் இறங்குவார். பிளாக் ஆப்ஸிலோ முதல் காரணம் செல்லாது, குத்தியவர் ஏறுவதில்லையே. அங்கே முன்னணி ஆளைத் தவிர வேறு யாரையும் குத்துவது நேர விரயம்.

வேலரன்ட் எஸ்கலேஷனுக்கு இந்தக் கணக்கு எதுவும் அப்படியே பொருந்தாது. ஐந்து பேரும் சேர்ந்து படி ஏறுவதால், ஒருவர் ஓரமாகச் சுற்றினால் மற்ற நாலு பேர் குறைந்த ஆளோடு சண்டை போடுவார்கள். அங்கே கும்பலாகப் பாய்வதே மேல்.

கடைசியாகப் பிங், அதாவது நம் கம்ப்யூட்டருக்கும் சர்வருக்கும் தகவல் போய் வரும் தாமதம். கவுண்டர் ஸ்டிரைக்குக்கு மும்பையிலும் சென்னையிலும் சர்வர் இருப்பதால் நம் பக்கம் ஆடுபவர்களுக்குப் பெரும்பாலும் தொல்லை இல்லை. ஆனால் ஆர்ம்ஸ் ரேஸுக்கு ஆள் குறைந்த நேரத்தில் தொலைவான சர்வரில் போய் விழுந்தால் பிங் 100 மில்லிநொடியைத் தாண்டும். அப்போது மூலையில் நின்று காத்திருப்பவர்தான் அதிகம் அடிபடுவார். வெளியே எட்டிப் பார்ப்பவர் நம் திரையில் தெரிவதற்கு முன்பே, அவர் திரையில் நாம் தெரிந்துவிடுவோம். நகர்ந்துகொண்டு நாமே எட்டிப் பார்த்தால் அந்தத் தாமதம் நம் பக்கம் வேலை செய்யும். பிங் மோசமான இரவுகளில் ஏடபிள்யூபி படியில்கூட நான் நிற்பதில்லை. ஓரம் பிடித்து நடந்து, மூலைக்கு மூலை எட்டிப் பார்த்து, ஒரு குண்டு விட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறேன்.